புகையோடு வந்து புகையோடு போன லைக்கன்

காற்று கெட்டால் லைக்கன்கள் செத்துப்போகும் என்று பாடப்புத்தகத்தில் படித்திருப்போம். பெரும்பாலான லைக்கன்களுக்கு அது சரிதான். ஆனால் இந்த விதிக்கு அடங்காத ஒன்று உண்டு. ஐரோப்பிய நகரங்களில் நிலக்கரிப் புகை கூடக்கூட அது பெருகியது. புகை அடங்கியதும் காணாமல் போகத் தொடங்கியது. அதன் பெயர் லெக்கனோரா கோனிசியாய்டிஸ். ஏறக்குறைய நூறு ஆண்டுகள் பிரிட்டனின் தொழில்நகரங்களைச் சுற்றியுள்ள மரங்களில் மற்றெல்லா லைக்கன்களையும்விட அதிகமாகக் கண்ணில் பட்டது இதுதான். இன்று அதே இடங்களில் இதைக் குனிந்து தேட வேண்டியிருக்கிறது.

இதை ஒரு விந்தைச் செய்தியாகச் சொல்லிவிட்டுக் கடந்து போவது எனக்கு ஒப்பவில்லை. மாசு வந்தால் இயற்கை அழியும், மாசு போனால் பழையபடி திரும்பும் என்று நாம் சுலபமாக ஒரு கணக்கு வைத்திருக்கிறோம். இந்தச் சின்ன லைக்கனின் வரலாறு அந்தக் கணக்கின் இரண்டு பக்கத்தையும் கேள்வி கேட்கிறது.

முதலில் லைக்கன் என்பது என்ன என்று பார்த்துவிடலாம். ஒரு பூஞ்சையும் ஒரு பாசியும் சேர்ந்து நடத்தும் கூட்டு வாழ்க்கை அது. 1860களின் கடைசியில் சுவிட்சர்லாந்தைச் சேர்ந்த தாவரவியலாளர் சைமன் ஷ்வெண்டனர் இதைச் சொன்னபோது, அந்தக் காலத்து லைக்கன் அறிஞர்கள் பலர் ஏற்க மறுத்தார்கள். பூஞ்சை வீடு கட்டுகிறது. உள்ளே இருக்கும் பாசி ஒளிச்சேர்க்கை செய்து சர்க்கரை தருகிறது. நமது லெக்கனோராவில் குடியிருப்பது ட்ரெபாக்சியா என்ற பச்சைப் பாசி.

லைக்கன்களில் இலை போல விரிபவை உண்டு, தாடி போலத் தொங்குபவை உண்டு. மூன்றாவது வகை, மேலோடாக ஒட்டிக்கொள்வது. நமது லெக்கனோரா இந்த ஓட்டு வகையைச் சேர்ந்தது. இலை வகை லைக்கனின் விளிம்பை நகத்தால் தூக்கிவிடலாம். ஓட்டு வகையை அப்படிப் பிரிக்கவே முடியாது. அதற்கு அடித்தோல் கிடையாது. பூஞ்சை இழைகள் நேராகப் பட்டையின் இறந்த மேல் அடுக்குக்குள் இறங்கிப் பிடித்துக்கொள்கின்றன. எடுக்க வேண்டுமென்றால் பட்டையோடு சீவித்தான் எடுக்க வேண்டும். மரத்துக்கு இதனால் பாதிப்பு கிடையாது. இழைகள் உயிருள்ள திசுவைத் தொடுவதில்லை, சாற்றை உறிஞ்சுவதும் இல்லை. மரத்தில் லைக்கன் படர்ந்தால் மரம் நோயில் விழுந்துவிட்டது என்று சிலர் சுரண்டி எடுப்பார்கள். அது வீண் வேலை.

தூரத்திலிருந்து பார்த்தால் இந்த லெக்கனோரா மரத்தின் மேல் சாம்பல் கலந்த பச்சைப் பொடி தூவியதுபோல இருக்கும், அவ்வளவுதான். பத்து மடங்கு பெரிதாக்கும் கைலென்ஸை வைத்துக் கிட்டத்தில் போனால்தான் அதன் உண்மையான உருவம் தெரியும். மேற்பரப்பு முழுக்க மணிமணியான துகள்கள். நன்றாக வளர்ந்த இடத்தில் அவை ஒன்றன்மேல் ஒன்று ஏறி, வெடிப்பு விட்ட தடித்த ஓடாக மாறியிருக்கும். பல துகள்கள் உடைந்து சொரீடியம் என்ற மாவுப்பொடியாக இருக்கும். ஒவ்வொரு பொடியிலும் சில பாசிச் செல்களும் அவற்றைச் சுற்றிய பூஞ்சை இழைகளும் உண்டு. காற்றோ மழையோ கொண்டுபோய்ப் போட்ட இடத்தில் புது லைக்கனைத் தொடங்க அதுவே போதும். இவற்றுக்கிடையே ஒரு மில்லிமீட்டர் அளவுக்குச் சின்னச் சின்ன வட்டத் தட்டுகள் நெருக்கமாகத் தெரியும். நடுவில் வெளிறிய பழுப்பு, சில நேரம் கொஞ்சம் பச்சையோ இளஞ்சிவப்போ கலந்திருக்கும்; சுற்றிலும் பொடிபடிந்த வெளிர்ப்பச்சை விளிம்பு. இவை பூஞ்சையின் கனியுடல்கள். உள்ளே ஒவ்வொரு பையிலும் எட்டு வித்துகள், நிறமற்றவை, ஒற்றைச் செல் கொண்டவை.

இந்த இரட்டை ஏற்பாடு கவனிக்க வேண்டியது. பொடி மூலம் பரவும் லைக்கன்கள் பல, கனியுடல்களை அரிதாகவே உருவாக்கும். கனியுடல் வைப்பவற்றில் பல, பொடியை உருவாக்குவதே இல்லை. இதுவோ இரண்டையும் ஒரே நேரத்தில், தாராளமாகச் செய்கிறது. வெற்றிடம் கிடைத்தால் வேகமாகப் பிடித்துவிடும் ஆற்றல் இதன் உடலமைப்பிலேயே இருக்கிறது. ஒத்த தோற்றமுள்ள மற்ற லைக்கன்களிலிருந்து இதைப் பிரித்தறிய வேதிச் சோதனை உதவுகிறது. பாரா ஃபினைலீன்டயமின் கரைசலை ஒரு துளி வைத்தால் ஓடு ஆரஞ்சு சிவப்பாக மாறும். இதிலுள்ள ஃபியூமார்புரோட்டோசெட்ராரிக் அமிலம்தான் காரணம்.

சரி, இது எப்போது வந்தது? இங்கேதான் கதை சூடுபிடிக்கிறது. பிரிட்டனில் 18-ஆம் நூற்றாண்டிலும் 19-இன் முதல் பாதியிலும் லைக்கன் சேகரிப்பவர்களுக்குப் பஞ்சமே இல்லை. அவர்கள் கொண்டுவந்து சேர்த்த மாதிரிகள் இன்றும் பாதுகாக்கப்படுகின்றன. அவற்றில் இந்த லைக்கன் இல்லை. 1860களில்தான் முதன்முதலாகத் தென்படுகிறது. பின்லாந்தைச் சேர்ந்த லைக்கன் அறிஞர் வில்லியம் நைலாண்டர் வைத்த பெயரை, பிரிட்டனின் லைக்கன் அறிஞர் ஜேம்ஸ் குரோம்பி 1885-இல் முறைப்படி வெளியிட்டார். பின்னாளில் நகர மரங்களையெல்லாம் மூடிய ஓர் உயிரினம், அதற்கு முந்தைய தலைமுறை நிபுணர்களின் கண்ணிலேயே படவில்லை என்றால், அது அப்போது அங்கே இல்லை, அல்லது மிக மிக அரிதாக இருந்தது என்றுதான் கொள்ள வேண்டும்.

அதே ஆண்டுகளில் மற்ற லைக்கன்கள் விடைபெற்றுக்கொண்டிருந்தன. மான்செஸ்டர் வட்டாரத் தாவரங்களை எழுதிய லியோ கிரின்டன், காடு வெட்டுவதாலும் ஆலைப் புகையாலும் அங்கே லைக்கன்கள் குறைந்துவிட்டன என்று 1859-லேயே குறிப்பிட்டார். 1866-இல் பாரிஸில் நைலாண்டர், நகரின் மற்ற பகுதிகளில் இல்லாத லைக்கன்கள் லக்சம்பர்க் பூங்காவில் இருப்பதைக் கவனித்து, லைக்கன்களைக் கொண்டு காற்றின் தரத்தை அளவிட முடியும் என்று எழுதினார். காற்றின் தரத்துக்கு உயிரினத்தை அளவுகோலாக்கும் எண்ணம் அவ்வளவு பழையது. அந்த நூற்றாண்டு முடிவதற்குள் அந்தப் பூங்காவிலும் லைக்கன்கள் ஒழிந்துபோயின.

லைக்கன்கள் ஏன் இப்படிச் சுலபமாக மடிகின்றன? இலைக்கு மெழுகுத்தோல் உண்டு, வேண்டும்போது மூடிக்கொள்ளத் துளைகள் உண்டு. லைக்கனுக்கு இரண்டுமே கிடையாது. வேரும் இல்லை. தண்ணீரும் உப்பும் உடல் முழுக்க, காற்றிலிருந்தும் மழையிலிருந்தும் நேராக உள்ளே வருகின்றன. காய்ந்தால் உறங்கும், நனைந்தால் விழித்து வேலை செய்யும். நிலக்கரி எரியும்போது வரும் கந்தக டைஆக்சைடு, நனைந்த லைக்கனுக்குள் கரைந்து அமிலமாகவும் பைசல்ஃபைட்டாகவும் மாறுகிறது. பாசியின் பச்சையத்திலிருந்து மக்னீசியம் பிரிந்துபோய்ப் பச்சையம் பயனற்ற நிறமியாகிறது, ஒளிச்சேர்க்கை நின்றுவிடுகிறது. பாசி பட்டினியானால் பூஞ்சையும் பட்டினிதான். இலையுதிர் மரம் ஆண்டுக்கு ஒருமுறை பழைய இலையை உதிர்த்துவிட்டுப் புதிதாகத் தொடங்கும். லைக்கனுக்கு அந்த வசதி இல்லை. சேர்ந்த நஞ்சு சேர்ந்ததுதான். அதிலும் ஐரோப்பாவில் குளிர்காலம்தான் லைக்கன் நனைந்து சுறுசுறுப்பாக இருக்கும் பருவம். வீடுகளில் நிலக்கரி அதிகமாக எரிந்ததும் அப்போதுதான்.

அப்படியானால் லெக்கனோரா எப்படித் தாங்கியது? அதன் மேற்பரப்பு தண்ணீரை ஒட்டவிடுவதில்லை. தாமரை இலையில் விழுந்த துளி போல மழைத்துளி அதன்மேல் உருண்டு ஓடிவிடுகிறது. 2006-இல் வெளிவந்த ஆய்வு ஒன்று இதை நுணுக்கமாகக் காட்டியது. துகள்துகளான அந்த மேற்பரப்பே இந்தக் குணத்துக்குத் துணை நிற்கிறது. நீர் விலகுகிறது, ஆனால் காற்று உள்ளே போய்வர இடைவெளி இருக்கிறது. அமில மழைநீரும் அமில மூடுபனியும் உள்ளே ஊறாமல் பார்த்துக்கொண்டு மூச்சு விட முடிந்தால், மற்றவை சாகும் இடத்தில் இது பிழைத்துக்கொள்ளும். இந்த விளக்கம் எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது, ஏனென்றால் நஞ்சை முறிக்கும் மாயப்பொருள் எதையும் அது தேடிப்போகவில்லை. நனையாமல் இருப்பதே பாதிப் பாதுகாப்பு.

மீதிப் பாதி, பட்டையின் அமிலத்தன்மையில் இருக்கிறது. பைன், பிர்ச் மரங்களின் பட்டை இயல்பிலேயே அமிலம் மிகுந்தது. எல்ம், ஆஷ் மரங்களின் பட்டை அப்படியல்ல. கந்தகப் புகை படிந்தபோது எல்லா மரங்களின் பட்டையும் அமிலப் பக்கம் சாய்ந்தது. ஆஷ் மரப்பட்டையை விரும்பிய லைக்கன்களுக்கு அந்த மரம் இருந்தும் வீடு இல்லாமல் போனது. அமிலப் பட்டையை விரும்பிய லெக்கனோராவுக்கோ, பைன் மரத்தில் மட்டும் கிடைத்த வசதி இப்போது எங்கும் கிடைத்தது. மரத்தில் மட்டுமில்லை, மரவேலிகளிலும் கூடப் படர்ந்தது. போட்டிக்கு வரவேண்டிய இலை வகை லைக்கன்கள் எல்லாம் செத்துவிட்டன. காலி மைதானம், தோதான தரை, வேகமாகப் பரவும் பொடியும் வித்தும். பெருகாமல் என்ன செய்யும்?

இங்கே ஒன்றைத் தெளிவாகச் சொல்ல வேண்டும். இது நஞ்சைத் தின்று வாழும் உயிரினம் என்று சிலர் எழுதுவது மிகை. புகை மிகக் கடுமையாக இருந்த நகர மையங்களில் இதுவும் இல்லை. ஸ்வீடனைச் சேர்ந்த ருட்கர் செர்னாந்தர் 1926-இல் ஸ்டாக்ஹோமின் நடுப்பகுதியை லைக்கன் பாலைவனம் என்றே அழைத்தார். அதைச் சுற்றி ஒரு போராட்ட வட்டம், அதற்கு வெளியே இயல்பான வட்டம் என்று பிரித்தார். பிரிட்டன் நகரங்களில் அந்தப் போராட்ட வட்டம்தான் நமது லெக்கனோராவின் ராஜ்ஜியம்.

1952 டிசம்பரில் லண்டனை ஐந்து நாள் மூடிய புகைமூட்டம் ஆயிரக்கணக்கானோரைக் கொன்றது. 1956-இல் தூய காற்றுச் சட்டம் வந்தது. வீட்டு அடுப்புகளின் புகை குறையத் தொடங்கியது. ஆனால் மின்நிலையங்கள் உயரமான புகைபோக்கிகளைக் கட்டி, கந்தகத்தை மேலே அனுப்பித் தொலைவில் பரவவிட்டன. நகரத்தில் செறிந்திருந்த மாசு நாட்டுப்புறத்துக்கும் மெல்லிசாகப் போய்ச் சேர்ந்தது. லெக்கனோராவும் கூடவே போனது.

அதன் உச்சப் புகழ் 1970-இல் வந்தது. டேவிட் ஹாக்ஸ்வொர்த், ஃபிரான்சிஸ் ரோஸ் என்ற இருவர், மரங்களில் உள்ள லைக்கன்களைப் பார்த்தே கந்தக டைஆக்சைடின் அளவை மதிப்பிட இங்கிலாந்துக்கும் வேல்ஸுக்கும் ஒரு அளவுகோல் அமைத்தார்கள். மண்டலம் 0 முதல் 10 வரை. 1-இல் பச்சைப் பாசி மட்டும் மரத்தின் அடியில் ஒட்டியிருக்கும். அங்கே கந்தக டைஆக்சைடின் குளிர்காலச் சராசரி கனமீட்டருக்கு 170 மைக்ரோகிராமுக்கு மேல். 2-இல் லெக்கனோரா வருகிறது, ஆனால் மரத்தின் அடியோடு சரி, சுமார் 150. 3-இல் அது தண்டில் மேலே ஏறிவிடும், சுமார் 125. அதற்கு மேல் போகப்போக இலை வகைகள் சேரும், பிறகு தாடி வகைகள், 10-இல் சுத்தமான காற்றில் மட்டுமே வாழும் லொபேரியா போன்றவை. ஒரு லைக்கன் மரத்தின் அடியில் நிற்கிறதா, மேலே ஏறியிருக்கிறதா என்பதை வைத்துக் காற்றைப் படிப்பது எவ்வளவு நேர்த்தியான யோசனை! கருவி வேண்டாம், மின்சாரம் வேண்டாம். 1970களின் தொடக்கத்தில் பிரிட்டனில் ஆயிரக்கணக்கான பள்ளிப் பிள்ளைகள் இதுபோன்ற ஓர் எளிய முறையில் மரங்களையும் சுவர்களையும் பார்த்து நாட்டின் மாசு வரைபடத்தையே உருவாக்கினார்கள்.

ஆனால் அந்த அளவுகோல் வெளியான நேரம், அது அளந்த உலகமே மாறத் தொடங்கிய நேரம். பிரிட்டனின் கந்தக டைஆக்சைடு வெளியேற்றம் 1970-இல் ஆண்டுக்கு 60 லட்சம் டன்னுக்கு மேல் இருந்தது. அன்றிலிருந்து இன்றுவரை அது 97 விழுக்காட்டுக்கும் மேல் குறைந்துவிட்டது. ஜெர்மனியின் கிழக்கிலும் செக் எல்லையிலும் பழுப்பு நிலக்கரி ஆலைகள் 1990களில் மூடப்பட்டன அல்லது கந்தகம் நீக்கும் கருவி பொருத்தப்பட்டன. லெக்கனோரா பின்வாங்கத் தொடங்கியது. தென்கிழக்கு இங்கிலாந்தில் ஓக் மரங்களை இருபத்தோராண்டுக் காலத்தில் திரும்பத் திரும்பப் பார்த்த ஓர் ஆய்வு 2001-இல் வெளிவந்தது. அதன் தலைப்பிலேயே இந்த லைக்கனின் இழப்புதான் முதலில் நிற்கிறது.

ஏன் போனது என்பதற்கு ஒற்றைப் பதில் தேடினால் ஏமாற்றம்தான். பட்டையின் அமிலம் குறைந்தது ஒரு காரணம். பார்மீலியா, ஹைப்போஜிம்னியா போன்ற இலை வகைகள் திரும்பிவந்து அதன்மேலேயே படர்ந்து மூடியது இன்னொன்று. மூன்றாவது காரணத்தை நேரிலேயே பார்க்கலாம். அதீலியா அராக்னாய்டியா என்று ஒரு பூஞ்சை இருக்கிறது. குளிர்காலத்தில் சிலந்திவலை போன்ற வெள்ளை இழைகளோடு லெக்கனோராவின் மேல் வட்டமாகப் பரவி, பாசியைத் தின்றுகொண்டே வெளிப்பக்கம் நகரும். அது போன இடம் வெளிறிய வளையமாகத் தெரியும், நடுவில் செத்த ஓடு உதிர்ந்து வெறும் பட்டை எட்டிப் பார்க்கும். இப்படித் திறந்த இடங்களில் முதலில் குடியேறுபவை அந்த மரத்தின் அடுத்த தலைமுறையைத் தீர்மானிக்கின்றன.

இந்தக் காரணங்களில் எது முதன்மை என்று அடித்துச் சொல்பவர்களை நான் நம்புவதில்லை. மரத்துக்கு மரம் விகிதம் மாறும். அமிலம் குறையாத பிர்ச் மரத்தில் லெக்கனோரா இன்னும் தாக்குப்பிடிப்பதும், பக்கத்து ஆஷ் மரத்தில் சுவடே இல்லாமல் போனதும் அதைத்தான் காட்டுகின்றன.

அதைவிட முக்கியமானது, அதற்குப் பிறகு வந்தவை. 1970களின் முடிவிலிருந்து லண்டனுக்குள் லைக்கன்கள் திரும்பத் தொடங்கின. அளவுகோலின்படி 4-ஆம் மண்டலத்து லைக்கன் முதலில், அப்புறம் 5, அப்புறம் 6 என்று வரிசையாக வரவேண்டும். அப்படி வரவில்லை. காற்று வேகமாகச் சுத்தமானபோது சில லைக்கன்கள் வரிசையைத் தாண்டிக் குதித்து வந்தன. சில வரவே இல்லை. 1989-இல் ஹாக்ஸ்வொர்த்தும் மக்மானஸும் இதை மண்டலத் தாவல் என்று விவரித்தார்கள். மாசு கூடும்போது உயிரினங்கள் ஒழியும் வரிசையும், குறையும்போது திரும்பும் வரிசையும் ஒன்றல்ல. திரும்புவதற்கு வித்தோ பொடியோ வர வேண்டும், பட்டை மாற வேண்டும், ஏற்கெனவே உட்கார்ந்திருப்பவர் இடம் விட வேண்டும்.

திரும்பிய கூட்டமும் பழைய கூட்டம் இல்லை. இன்று பல ஐரோப்பிய நகரங்களிலும் கால்நடைப் பண்ணைகள் மிகுந்த நெதர்லாந்திலும் மரங்களை அலங்கரிப்பது சாந்தோரியா பரியெட்டினா என்ற பளிச்சிடும் மஞ்சள் லைக்கன். பார்க்க அழகு. ஆனால் அது நைட்ரஜன் விரும்பி. உரத்திலிருந்தும் சாணத்திலிருந்தும் எழும் அம்மோனியா பட்டையின் அமிலத்தைக் குறைத்து உரமும் போடுகிறது. வாகனப் புகையின் நைட்ரஜனும் உடன் சேர்கிறது. கந்தகத்தின் இடத்தில் நைட்ரஜன் வந்து உட்கார்ந்துவிட்டது. மரம் முழுக்க லைக்கன் இருக்கிறது, ஆகவே காற்று தூய்மையாக இருக்கிறது என்று யாராவது சொன்னால், எந்த லைக்கன் என்று கேட்க வேண்டும். லெக்கனோரா நூறாண்டுக் காலம் மரங்களை நிறைத்திருந்தபோதும் மரங்கள் வெறுமையாகத் தெரியவில்லை, காற்று மட்டும்தான் நஞ்சாக இருந்தது. இப்போது பிரிட்டனிலும் நெதர்லாந்திலும் பயன்படும் புதிய முறைகள் அதனால்தான் அமிலம் விரும்பும் லைக்கன்களையும் நைட்ரஜன் விரும்பும் லைக்கன்களையும் தனித்தனியே எண்ணி ஒப்பிடுகின்றன.

கடைசியாக ஒரு கேள்வி மிச்சம் இருக்கிறது. தொழிற்புரட்சிக்கு முன்னால் இது எங்கே இருந்தது? புகை வருவதற்காகக் காத்திருந்து புதிதாகப் பிறந்திருக்க முடியாது. மத்திய ஐரோப்பாவின் மலைச் சதுப்புகளின் ஓரத்தில் வளரும் முகோ பைன் என்ற குட்டைப் பைன் மரங்கள்தான் அதன் பூர்வ வீடு என்பது வலுவான ஊகம். அங்கே பட்டை இயல்பாகவே கடும் அமிலம், போட்டியும் குறைவு. எரிமலைக் கந்தகம் வெளிப்படும் இடங்களைச் சுட்டுபவர்களும் உண்டு. வட அமெரிக்காவில் நியூஃபவுண்ட்லாந்திலும் மாசசூசெட்ஸிலும் இது இருப்பது கணக்கை இன்னும் சிக்கலாக்குகிறது.

இதற்குப் பதில் காண இப்போது வாய்ப்பு கூடியிருக்கிறது என்று நினைக்கிறேன். புகையின் தயவில் பரவிய இடங்களிலிருந்து இது விலகிக்கொண்டிருக்கிறது. எந்தப் புகையும் எட்டாத இடத்தில் தொடர்ந்து நிலைத்திருக்கும் கூட்டங்கள் பூர்வ வீட்டைக் காட்டிக்கொடுக்கக்கூடும். அவற்றின் மரபணுவை, 1860களிலிருந்து சேமிப்பில் இருக்கும் நகரத்து மாதிரிகளோடு ஒப்பிட்டால், எந்தக் காட்டிலிருந்து எந்த நகரத்துக்கு வந்தது என்று பின்தொடர முடியும். அதற்கு நகர ஓரங்களில் எஞ்சியிருக்கும் கூட்டங்களையும், சாதாரணமான பொடி லைக்கன் என்று தள்ளிவிடாமல், இப்போதே மாதிரி எடுத்து வைக்க வேண்டும். பழைய பிர்ச் மரத்தண்டுகள், பைன் கிளைகள், வண்ணம் பூசாத மரவேலிகள்: தேடத் தொடங்க வேண்டிய இடங்கள் இவைதான்.